நாசரேத்துக்கு 6 கிலோமீட்டரில் ஒரு நகரம்: இயேசு அங்கே தச்சு வேலைக்குப் போனாரா?

இழைப்புளி · சனி, இரவு 9:40

அடுத்த ஞாயிறு எங்கள் பங்கின் இளைஞர் கூட்டத்தில் 20 நிமிடம் பேச வேண்டும். தலைப்பு என் இஷ்டம் என்றார்கள். தாத்தா ஆசாரி, அப்பாவும் ஆசாரி, நான் மட்டும் கம்ப்யூட்டர் முன்னால் போய் உட்கார்ந்துவிட்டேன். அந்தக் குறுகுறுப்பில் "இயேசு பார்த்த வேலை" என்று தலைப்பு கொடுத்துவிட்டேன். இப்போது தேடத் தேட விஷயம் பெரிதாகிக்கொண்டே போகிறது.

நான் பிடித்திருக்கும் நூல் இது. முதல் நூற்றாண்டு நாசரேத்து ஒரு குக்கிராமம், சில நூறு பேர் இருந்தால் அதிகம். அவ்வளவு சின்ன ஊரில் வருடத்துக்கு எத்தனை கதவு செய்வார்கள், எத்தனை கலப்பை செய்வார்கள்? ஒரு தச்சுக் குடும்பத்துக்கே அடுப்பு எரியாது. ஆனால் வடமேற்கே சுமார் 6 கிலோமீட்டர் நடந்தால் செப்போரிஸ், எபிரேயத்தில் சிப்போரி. கி.மு. 4-ல் பெரிய ஏரோது இறந்ததும் எசேக்கியாவின் மகன் யூதாஸ் என்பவன் அங்கே அரச ஆயுதக் கிடங்கை உடைத்துக் கலகம் செய்தான். சிரியாவிலிருந்து ரோம ஆளுநர் வாருஸின் படை வந்து நகரை எரித்து, மக்களை அடிமைகளாக்கியது என்று யூத வரலாற்றாசிரியர் யோசேப்பஸ் எழுதுகிறார். (இதே வாருஸ்தான் கி.பி. 9-ல் ஜெர்மானியக் காட்டில் மூன்று லெகியோன் படையைப் பறிகொடுத்தவர்.) அப்புறம் ஏரோதின் மகன் அந்திப்பா அந்த நகரைத் திரும்பக் கட்டி, கலிலேயா முழுமைக்கும் அணிகலன் ஆக்கினான்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். இயேசு பிறந்தது ஏரோது சாவதற்குக் கொஞ்சம் முன்பு என்றால், அவர் சிறுவனாகவும் வாலிபனாகவும் இருந்த வருடங்களில்தான் பக்கத்து நகரத்தில் கட்டுமானம் நடந்திருக்கிறது. யோசேப்பும் மகனும் விடிகாலையில் கருவிப் பையோடு கிளம்பியிருக்க மாட்டார்களா? அங்கே 4,000 பேர் உட்காரும் நாடக அரங்கம் இருந்தது. "மாயக்காரரே" என்று பரிசேயரைத் திட்டுகிறாரே, கிரேக்கத்தில் அந்தச் சொல் ஹுப்போக்ரிட்டேஸ், அதாவது மேடை நடிகன். அரங்கத்தைக் கட்டியவர் நாடகமும் பார்த்திருப்பார்!

இப்படிப் பேசினால் நிற்குமா? ஓட்டை இருந்தால் இங்கேயே சொல்லிவிடுங்கள். கூட்டத்தில் எவனாவது எழுந்து கேட்டால் முழிக்க வேண்டியிருக்கும்.

மாதாகோயில் தெரு · சனி, இரவு 10:05

தம்பி, நல்ல தலைப்பு. சிப்போரி நமக்குப் புதிய பெயர் இல்லை. மாதாவின் பெற்றோர் சுவக்கீனும் அன்னம்மாளும் அந்த ஊர்க்காரர்கள் என்று ஒரு பழைய மரபு உண்டு. சிலுவைப் போர் காலத்தில் அங்கே அன்னம்மாளுக்குக் கோயிலே கட்டினார்கள். மரபு மரபுதான், சாட்சியம் ஆகாது. ஞானோபதேச வகுப்பில் பிள்ளைகளிடமும் இப்படித்தான் பிரித்துச் சொல்வேன்.

சாரம் · சனி, இரவு 10:31

நான் கட்டட வேலை ஆள். ஒரே ஒரு சந்தேகம். மேடும் பள்ளமுமான பாதையில் 6 கிலோமீட்டர் என்றால் போக ஒன்றரை மணி நேரம், வர ஒன்றரை மணி நேரம். நம் ஊரில் சித்தாள்கள் முன்பு இதைவிட அதிகம் நடந்தார்கள், அது பிரச்சினை இல்லை. ஆனால் அரசாங்க வேலைக்கு ஆள் எப்படி எடுத்தார்கள்? கூலியா, கட்டாய உழைப்பா? இது தெரியாமல் "போயிருப்பார்" என்று எழுதுவது, எஸ்டிமேட்டே இல்லாமல் காங்கிரீட் போடுகிற மாதிரி.

சொல்வேர் · ஞாயிறு, காலை 6:50

"தச்சன்" என்ற சொல்லில் இருந்து ஆரம்பிக்கலாமே.

புதிய ஏற்பாட்டில் இயேசுவின் தொழிலைப் பற்றிய பேச்சு இரண்டே இடத்தில் வருகிறது. மாற்கு 6:3-ல் ஊர்க்காரர்கள் "இவன் தச்சன் அல்லவா?" என்கிறார்கள். அதே காட்சி மத்தேயு 13:55-ல் "இவன் தச்சனுடைய குமாரன் அல்லவா?" என்று மாறிவிடுகிறது. லூக்காவில் தொழிலே இல்லை, யோசேப்பின் மகன் என்பதோடு சரி. முதலில் எழுதப்பட்டது மாற்கு என்பது பெரும்பாலான ஆய்வாளர்கள் கருத்து. கைவேலைக்காரன் என்று நேரடியாகச் சொல்ல அடுத்து எழுதியவர்களுக்குக் கூச்சமாக இருந்திருக்கிறது என்று படிக்க இடம் உண்டு. 2-ஆம் நூற்றாண்டில் கெல்சுஸ் என்ற தத்துவக்காரர் கிறிஸ்தவர்களைக் கேலி செய்யும்போது இந்தத் தச்சு வேலையையும் இழுக்கிறார். பதில் எழுதிய ஒரிகன், சபைகள் ஏற்கும் சுவிசேஷங்களில் இயேசுவே தச்சன் என்று எங்கும் இல்லை என்று அடித்துச் சொல்லிவிட்டார். அவர் கையில் இருந்த மாற்குப் பிரதியில் "தச்சன் மகன்" என்று இருந்ததோ, அல்லது நினைவுப் பிசகோ.

கிரேக்கச் சொல் "டெக்டோன்". சமஸ்கிருதத்தில் "தக்ஷன்". இரண்டும் ஒரே இந்தோ ஐரோப்பிய வேரில் இருந்து வந்தவை. தக்ஷன் பிராகிருதம் வழியாகத் தமிழுக்கு வந்து தச்சன் ஆனது. ஆக, நம் மொழிபெயர்ப்பில் இருக்கும் "தச்சன்", மூலத்தில் இருக்கும் டெக்டோனுக்குப் பங்காளி. அர்த்தம் மட்டுமில்லை, இரத்த உறவே இருக்கிறது. ஆங்கிலக்காரர்களுக்கு இந்தப் பாக்கியம் இல்லை. அவர்களுடைய கார்ப்பென்டர் வண்டி செய்பவனைக் குறிக்கும் லத்தீன் சொல்லில் இருந்து வந்தது.

இன்னொன்று. ஆர்க்கிடெக்ட் என்ற சொல் "ஆர்க்கி-டெக்டோன்", தலைமைத் தச்சன். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டில் குஞ்சரமல்லனான இராஜராஜப் பெருந்தச்சன் என்று ஒரு பெயர் இருக்கிறது அல்லவா? பெருந்தச்சன் என்பது அச்சு அசலாக அதே சொற்கட்டு. அந்தக் கோயில் முழுக்கக் கருங்கல். மரம் இழைக்கிறவன்தான் தச்சன் என்று தமிழன் ஒருநாளும் நினைத்ததில்லை. கல்தச்சனும் தச்சன்தான். "இயேசு மரவேலைக்காரர் இல்லை, கட்டடத் தொழிலாளி" என்று மேல்நாட்டில் ஏதோ புதுக் கண்டுபிடிப்பு மாதிரி பேசுகிறார்களே, தமிழில் வாசித்திருந்தால் அந்த ஆச்சரியமே வந்திருக்காது.

இழைப்புளி · ஞாயிறு, காலை 8:15

ஐயா, இது ஒன்றே போதும், பேச்சின் முதல் 5 நிமிடம் கிடைத்துவிட்டது. அப்படியானால் செப்போரிஸ் இன்னும் உறுதியாகிறது. கல்தச்சன் என்றால் நகர வேலைதானே?

சொல்வேர் · ஞாயிறு, காலை 8:40

அவசரப்படாதீர்கள். நம் ஊரில் "தச்சனைக் கூப்பிடு" என்றால் யார் வருவார்? மரவேலைக்காரர்தான். கல் என்றால் "கல்தச்சன்" என்று அடை போடுவோம். கிரேக்கத்திலும் ஏறத்தாழ இதே கதை. 2 சாமுவேல் 5:11-ல் தாவீதுக்கு ஈராம் ஆள் அனுப்பியதைச் சொல்லும் பழைய கிரேக்க மொழிபெயர்ப்பு, மரத்தின் டெக்டோன்கள், கல்லின் டெக்டோன்கள் என்று பிரித்து எழுதுகிறது. அடை இல்லாமல் வந்தால் பெரும்பாலும் மரம். 2-ஆம் நூற்றாண்டின் நடுவில் எழுதிய ஜஸ்டின் என்ற கிறிஸ்தவ எழுத்தாளரும், இயேசு கலப்பைகளும் நுகத்தடிகளும் செய்தார் என்றுதான் சொல்கிறார். பாலஸ்தீனத்தில் பிறந்த ஆள் அவர். நேரில் பார்த்த சாட்சி இல்லை, ஆனால் டெக்டோன் என்றதும் அந்த மண்ணில் பிறந்த ஒருவருக்கு என்ன ஞாபகம் வந்தது என்பதற்குச் சாட்சி.

பானையோடு · ஞாயிறு, காலை 11:20

தொல்லியல் என் பக்கம் என்பதால் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் அந்த அரங்கம். அதன் காலமே சர்ச்சையில் இருக்கிறது. அந்திப்பா காலத்தில், அதாவது 1-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டியது என்பது தோண்டியவர்களில் ஒரு பகுதியினர் கருத்து. இல்லை, அந்த நூற்றாண்டின் பிற்பகுதி என்பது இன்னொரு பகுதியினர் கருத்து. இரண்டாவது சரியென்றால் இயேசு சிலுவையில் மரித்துப் பல வருடம் கழித்துத்தான் அங்கே முதல் கல்லே வைத்திருப்பார்கள். ஹுப்போக்ரிட்டேஸ் வாதமும் நிற்காது. இயேசு பேசியது அரமேயம், கிரேக்கச் சொல் சுவிசேஷம் எழுதியவருடையது. மேலும் அந்தச் சொல் யோபு புத்தகத்தின் பழைய கிரேக்க மொழிபெயர்ப்பிலேயே தேவபயம் இல்லாதவன் என்ற பொருளில் இருக்கிறது. நாடகம் பார்க்காமலேயே எந்த யூதனும் அதைப் பயன்படுத்தலாம். பழைய தமிழ் வேதாகமத்தில் "மாயக்காரர்", திருவிவிலியத்தில் "வெளிவேடக்காரர்". பின்னதை மொழிபெயர்த்தவர் கூத்துப் பார்த்துவிட்டு வந்தார் என்று முடிவு கட்டுவோமா?

அப்புறம், செப்போரிஸ் என்று தேடினால் முதலில் வரும் படம் "கலிலேயாவின் மோனாலிசா" என்கிற மொசைக். மது தேவன் தியோனீசுசின் காட்சிகள் போட்ட மாளிகைத் தரை. பாருங்கள், எப்பேர்ப்பட்ட கிரேக்க நகரம் என்பார்கள். அந்த மாளிகை கட்டியது சுமார் கி.பி. 200-ல். இயேசுவின் செப்போரிஸுக்கு அதைக் காட்டுவது, நாயக்கர் மண்டபத்தைக் காட்டி இதுதான் சங்ககால மதுரை என்பது போல. முதல் நூற்றாண்டு அடுக்கில் கிடைப்பது வேறு: வீடுகளில் படிக்கட்டு வைத்த சடங்குக் குளியல் தொட்டிகள், சுண்ணக்கல் பாத்திரங்கள், மிகக் குறைவான பன்றி எலும்பு. அதாவது குடியிருந்தவர்கள் பெரும்பாலும் யூதர்கள். பணக்கார யூதர்கள், ரோமோடு ஒத்துப்போன யூதர்கள் என்று சொல்லலாம். பின்னால் கி.பி. 66-ல் யூதக் கலகம் வெடித்தபோது இந்த நகரம் சேரவில்லை. தன் நாணயத்தில் "சமாதான நகரம்" என்றே போட்டுக்கொண்டது. வாருஸ் எரித்த கதையிலும் ஒரு சிக்கல்: நகரமே எரிந்து சாம்பலானது என்று காட்டும் அடுக்கு தோண்டிய இடங்களில் தெளிவாக அகப்படவில்லை. யோசேப்பஸ் கொஞ்சம் பெரிதாக்கி எழுதுவது உண்டு.

இனி எனக்கு மிகவும் பிடித்த பகுதி. நாசரேத்துக்கும் செப்போரிஸுக்கும் நடுவில் ஒரு பள்ளத்தாக்கு இருக்கிறது. கென் டார்க் என்ற பிரிட்டிஷ் தொல்லியலாளர் அங்கே வயல் வயலாக நடந்து, தரையில் கிடந்த ஓடுகளைப் பொறுக்கினார். செப்போரிஸ் பக்கத்துப் பண்ணைகளில் வெளியூரில் இருந்து வந்த பானை வகைகளும் கிடந்தன. நாசரேத்துப் பக்கம் யூதர்கள் செய்த உள்ளூர்ப் பானை மட்டும். அதோடு, செப்போரிஸ் பக்கத்து வயல்களில் சின்னச் சின்ன ஓட்டுச் சில்லுகள் பரவலாகச் சிதறிக் கிடக்கின்றன. நகரத்து மலக்கழிவையும் குப்பையையும் எருவாகக் கொட்டினால் உடைந்த பாத்திரமும் கூடவே போகும், அதன் தடயம் அது. நாசரேத்துப் பக்க வயல்களில் அது இல்லை. தூய்மைச் சட்டத்தை இறுக்கிப் பிடித்த ஆட்கள், அந்த எருவைத் தங்கள் நிலத்தில் விடவில்லை என்று அவர் வாசிக்கிறார்.

ஒரே பள்ளத்தாக்கு, நடந்தால் ஒன்றரை மணி. ஆனால் பானையும் வேறு, எருவும் வேறு. இயேசு செப்போரிஸுக்குப் போகவே இல்லை என்று இதை வைத்துச் சொல்ல முடியாது. ஆனால் நாசரேத்துக்காரர்கள் அந்த நகரத்தை வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டு நின்றார்கள் என்ற சித்திரம் ஆட்டம் காண்கிறது.

சாரம் · ஞாயிறு, பகல் 12:02

ஆக எஸ்டிமேட் வந்துவிட்டது. இழைப்புளி தம்பி, கான்ட்ராக்ட் கேன்சல்.

இழைப்புளி · ஞாயிறு, பகல் 12:10

சிரியுங்கள் அண்ணே. நேற்று ராத்திரி 2 மணி வரை உட்கார்ந்து ஸ்லைடு போட்டேன். அதில் நாலு ஸ்லைடு அந்த மோனாலிசா.

தருக்கன் · ஞாயிறு, பகல் 2:45

எல்லோரும் பானை ஓட்டை வைத்துக்கொண்டு எந்த ஊரில் வேலை பார்த்தார் என்று விசாரிக்கிறீர்கள். ஆள் இருந்தாரா என்பதையே முதலில் நிரூபிக்க வேண்டாமா? சமகாலத்தவர் ஒருவரும் அவரைப் பற்றி எழுதவில்லையே.

சொல்வேர் · ஞாயிறு, மாலை 4:20

கேட்க வேண்டிய கேள்விதான். வாழ்ந்த காலத்தில் எழுதிய குறிப்பு எதுவும் கிடைக்கவில்லை என்பது உண்மை. அந்தக் காலக் கலிலேயா கிராமத்தான் எவனுக்கும் கிடைக்கவில்லை. யூதேயாவைப் பத்து வருடம் ஆண்ட பிலாத்துவுக்கே, அவன் பெயரும் பதவியும் பொறித்த கல் செசரியாவில் 1961-ல்தான் அகப்பட்டது.

இருக்கிற சாட்சிகளில் என் கணக்கில் கனமானவை இரண்டு. பவுல் 50-களில் எழுதிய கலாத்தியர் கடிதத்தில், எருசலேமில் "கர்த்தருடைய சகோதரனாகிய யாக்கோபை"ப் பார்த்ததாகப் போகிற போக்கில் சொல்கிறார். சுமார் 93-ல் யோசேப்பஸ், தலைமைக் குரு அனனு 62-ல் "கிறிஸ்து எனப்பட்ட இயேசுவின் சகோதரன்" யாக்கோபைக் கொல்ல வைத்ததை எழுதுகிறார். இவர் கிறிஸ்தவர் இல்லை. ஒரே ஆளைப் பற்றி இரண்டு திசையில் இருந்து வரும் தகவல். இல்லாத ஒருவருக்குத் தம்பி இருப்பது கஷ்டம். யோசேப்பஸின் இன்னொரு பத்தி, இயேசுவைப் புகழ்ந்து எழுதியது போல இருக்கும். அதில் பின்னால் கிறிஸ்தவக் கை பட்டிருக்கிறது என்பதில் அநேகமாக எல்லோரும் ஒத்துப்போகிறார்கள். எனவே அதை நான் மேசையில் வைக்கவில்லை. சுமார் 116-ல் ரோமர் தசிட்டுஸ் எழுதியதில், பேரரசர் திபேரியு காலத்தில் பிலாத்துவின் தண்டனையால் கிறிஸ்துஸ் கொல்லப்பட்டான் என்ற வரி இருக்கிறது. எழுத்தில் வெறுப்பு சொட்டுகிறது.

ஆள் இருந்தார் என்பதில் நாத்திக ஆய்வாளர்களும் பெரும்பாலும் சந்தேகப்படுவதில்லை. சண்டை எல்லாம் அவர் எப்படிப்பட்டவர் என்பதில்தான்.

மாதாகோயில் தெரு · ஞாயிறு, மாலை 5:02

"தம்பி" என்று எழுதிவிட்டீர்கள். எங்களுக்கு மாதா நித்திய கன்னி, அதனால் "உறவுமுறைச் சகோதரர்" என்போம். சண்டைக்கு வரவில்லை, குறித்து வைத்தேன்.

சொல்வேர் · ஞாயிறு, மாலை 5:10

வாபஸ் வாங்கிக்கொள்கிறேன் அக்கா. "சகோதரன்" என்றே வைத்துக்கொள்வோம், கிரேக்கத்திலும் அதற்கு மேல் இல்லை.

பனிச்சிகரம் · ஞாயிறு, இரவு 8:33

12 வயதுக்குப் பிறகு 30 வரை அவர் எங்கே இருந்தார் என்று சுவிசேஷங்களில் ஒன்றுமே இல்லை. லடாக் மடத்தில் ஏட்டுச்சுவடி இருக்கிறதாமே, இந்தியா வந்து படித்தார் என்று? அதை ஏன் யாரும் பேசுவதில்லை?

பானையோடு · ஞாயிறு, இரவு 9:15

பேசி முடித்தே 130 வருடம் ஆகிறது. நோட்டோவிச் என்ற ரஷ்யர் 1894-ல் கிளப்பிய கதை அது. எமிஸ் மடத்தில் தனக்கு ஒரு சுவடியை வாசித்துக் காட்டினார்கள் என்றார். மாக்ஸ் முல்லர் அந்த வருடமே சந்தேகம் எழுப்பினார். அடுத்த வருடம் டக்ளஸ் என்ற பேராசிரியர் நேராக அங்கே போய்க் கேட்டார். அப்படி ஒரு சுவடியே இல்லை என்று மடத்துத் தலைமை லாமா கையை விரித்துவிட்டார்.

ஆனால் நீங்கள் கேட்டதில் ஒரு விஷயம் இருக்கிறது. அந்த 18 வருட வெற்றிடம் எல்லோருடைய கையையும் அரிக்க வைக்கிறது. ஒருவர் அதில் லடாக்கை வைக்கிறார். இழைப்புளி செப்போரிஸை வைத்தார். செப்போரிஸ் நிஜமான நகரம், பக்கத்திலேயே இருக்கிறது, அதனால் அது மரியாதையான ஊகம். ஆனால் இரண்டும் உட்கார்ந்திருப்பது அதே காலி இடத்தில்.

இழைப்புளி · ஞாயிறு, இரவு 9:31

என்னைக் கொண்டுபோய் லடாக்கில் சேர்த்துவிட்டீர்களே ஐயா.

வள்ளம் · திங்கள், காலை 5:55

கடலுக்குப் போய்வந்த குடும்பம் எங்களுடையது. உங்கள் தச்சு விவாதத்தில் படகை விட்டுவிட்டீர்கள். 1986-ல் வறட்சியில் கலிலேயா ஏரி உள்வாங்கியபோது கினோசார் கரைச் சேற்றில் லூஃபான் சகோதரர் இரண்டு பேர் ஒரு படகைக் கண்டார்களே, அதைச் சொல்கிறேன். நீளம் 8 மீட்டருக்குக் கொஞ்சம் மேல், அகலம் 2.3 மீட்டர். காலம் ஏறத்தாழ இயேசுவின் காலம். தண்ணீர் திரும்ப ஏறுவதற்குள் ராப்பகலாகத் தோண்டி, நுரை ரப்பர் மாதிரி ஒன்றால் முழுப் படகையும் போர்த்தி, மிதக்கவிட்டுக் கரை சேர்த்தார்கள். பிறகு மெழுகு போன்ற கரைசலில் பல வருடம் ஊறப்போட்டார்கள்.

நான் சொல்ல வந்தது அந்தப் படகின் மரத்தைப் பற்றி. மொத்தம் 10, 12 வகை மரம் ஒரே படகில். ஏரா மரத்தின் (படகின் அடியில் நீளமாக ஓடும் முதுகெலும்பு) முன்பாதி தேவதாரு, அதுவும் வேறொரு பழைய படகில் இருந்து கழற்றியது. பின்பாதி இலந்தை வகை. நடுநடுவே கிடைத்ததை வைத்து ஒட்டுப் போட்டிருக்கிறார்கள். எங்கள் அப்பா படகைப் பழுது பார்க்கும்போது கரையில் கிடக்கிற பழைய பலகையை எல்லாம் தட்டித் தட்டிப் பார்ப்பார், உளுக்காதது எது என்று. இலந்தையில் ஏரா வைக்கிற ஆளுக்கு வேறு வழி இல்லை என்று அர்த்தம், ஆனால் அது ஒழுகாமல் ஓடியிருக்கிறது என்றால் கைத்திறன் இருக்கிறது என்றும் அர்த்தம். கடைசியில் எடுக்கக்கூடிய பாகங்களை எல்லாம் உருவிக்கொண்டு எலும்புக்கூட்டை ஏரியில் தள்ளிவிட்டார்கள். அந்த ஊர்த் தச்சன் எப்படிப் பிழைத்தான் என்று தெரிய வேண்டுமா, அரங்கத்தை விடுங்கள், இந்தப் படகைப் பாருங்கள்.

சாரம் · திங்கள், காலை 9:10

வள்ளம் அண்ணன் எழுதியதைப் படித்ததும் எனக்கு வீடு ஞாபகம் வந்தது. திமிர்வாதக்காரனை நாலு பேர் கூரை வழியாக இறக்குகிற கதை. மாற்கில் கூரையைத் "தோண்டி"த் திறந்தார்கள் என்றுதான் கிரேக்கம் சொல்கிறதாம். கப்பர்நகூமில் கருங்கல் சுவர், மேலே மரக்கட்டை, நாணல், மண் பூச்சு. அதைத் தோண்டத்தான் வேண்டும். லூக்கா எழுதும்போது "தட்டோடுகள் வழியாய்" ஆகிவிட்டது. லூக்கா பார்த்த வீடுகள் ஓட்டு வீடுகள். கட்டட வேலைக்காரன் கண்ணுக்கு இது உடனே தெரியும், ஒருவர் அந்த ஊர் வீட்டை அறிந்து எழுதுகிறார், இன்னொருவர் தன் ஊர் வீட்டை மனதில் வைத்து எழுதுகிறார்.

அப்புறம் அந்தக் கூரையை மறுநாள் யார் பூசினார்கள் என்று எந்தச் சுவிசேஷத்திலும் இல்லை.

தருக்கன் · திங்கள், காலை 9:44

இந்த மாதிரி எழுதினால் நானும் வாசிப்பேன். ஒரு கேள்வி. செப்போரிஸ், திபேரியா இரண்டும் அந்திப்பா கட்டிய நகரங்கள், கலிலேயாவிலேயே பெரியவை. இயேசு இரண்டுக்கும் போனதாகச் சுவிசேஷங்களில் ஒரு வரி கூட இல்லை. இந்த மௌனம் எதையும் சொல்லவில்லையா?

பானையோடு · திங்கள், பகல் 1:30

சொல்கிறது, ஆனால் என்ன சொல்கிறது என்பதில்தான் தகராறு. செப்போரிஸ் என்ற பெயரே புதிய ஏற்பாட்டில் கிடையாது. சுமார் 19-ல் எழுந்த திபேரியா, யோவானில் மட்டும், கடலின் பெயராகவும் படகுகள் வந்த ஊராகவும் தலைகாட்டுகிறது. புறஜாதியார் நகரம் என்று தவிர்த்தார் என்பது பழைய பதில். அங்கே இருந்ததே யூதர்கள் என்று தெரிந்த பிறகு அது செல்லாது. யோவான் ஸ்நானகனை அந்திப்பா கொன்ற பிறகு அவனுடைய நகரங்களில் தலைகாட்டுவது புத்திசாலித்தனம் இல்லை என்பது இன்னொரு பதில், அது எனக்கு ஓரளவு உடன்பாடு. போயிருக்கலாம், கேட்பாரில்லை, அதனால் கதை மிஞ்சவில்லை என்பது மூன்றாவது. கோராசின், பெத்சாயிதா, கப்பர்நகூம் என்று தன்னை ஏற்காத ஊர்களை அவர் பெயர் சொல்லிச் சபிக்கிறார். அந்தப் பட்டியலிலும் செப்போரிஸ் இல்லை.

இழைப்புளி, உங்கள் பேச்சுக்கு அரங்கத்துக்குப் பதிலாக ஒரு பொருள் தருகிறேன். நாசரேத்துக்குப் பக்கத்தில் ரைனா என்ற ஊர் இருக்கிறது. அங்கேயும், அருகில் இன்னோர் இடத்திலும் 2016, 2017 வாக்கில் முதல் நூற்றாண்டுக் கல் பாத்திரப் பட்டறைகளைத் தோண்டினார்கள். மலையைக் குடைந்து சுண்ணக்கல் எடுத்து, குவளையும் கிண்ணமும் செதுக்கியும் கடைந்தும் செய்திருக்கிறார்கள். கடைசலில் நடுவில் இருந்து கழன்று விழுந்த கல் கட்டைகளும் பாதியில் உடைந்த குவளைகளும் குவியலாகக் கிடந்தன. ஏன் கல்? மண்பானை தீட்டுப்பட்டால் உடைத்துப் போட வேண்டும் என்பது லேவியராகமச் சட்டம். கல்லுக்குத் தீட்டு ஒட்டாது என்பது யூதர்களின் வழக்கு. 2009-ல் நாசரேத்திலேயே தோண்டிய ஒரு முதல் நூற்றாண்டுச் சின்ன வீட்டிலும் சுண்ணக்கல் பாத்திரத் துண்டு கிடைத்தது.

கானா ஊர்க் கல்யாணத்தில் தண்ணீர் இருந்தது எதில்? "ஆறு கற்சாடிகள்". யூதர்கள் சுத்திகரிக்கும் முறைமைக்காக என்று யோவானே காரணம் சொல்கிறார். ஒவ்வொன்றும் "இரண்டு மூன்று குடம்" கொள்ளும் என்கிறது நம் பழைய மொழிபெயர்ப்பு. நம் குடத்தை நினைத்துக்கொண்டால் ஏமாந்துபோவோம். மூலத்து அளவில் ஒரு சாடி ஏறக்குறைய 80 முதல் 120 லிட்டர். அதைக் கடைந்தெடுக்க எவ்வளவு பெரிய கல் வேண்டும், அதைக் கடைசலில் சுழற்ற எத்தனை ஆள் வேண்டும் என்று உங்கள் அப்பாவிடம் கேளுங்கள்.

இழைப்புளி · திங்கள், இரவு 10:20

அப்பாவிடம் கேட்டேன். கல்லைப் பற்றி அவருக்குத் தெரியவில்லை. ஆனால் ஜஸ்டின் சொன்ன நுகத்தடியைச் சொன்னதும் எழுந்து உட்கார்ந்துவிட்டார்.

தாத்தா கலப்பைக்குக் கருவேலம்தான் போடுவாராம், கட்டாந்தரையில் உழுதாலும் தேயாது. நுகத்தடிக்கு அந்த மரத்தைத் தொட மாட்டாராம், கனம். வாய்ச்சியால் செதுக்கி உருவம் வந்த பிறகு, மாட்டின் கழுத்து படும் இடத்தை மட்டும் இழைத்து இழைத்து, கடைசியில் தன் உள்ளங்கையை வைத்துத் தேய்த்துப் பார்ப்பாராம். சிலாம்பு ஒன்று நின்றாலும் நாலு நாளில் கழுத்து புண்ணாகிவிடும், புண் பட்ட மாடு படுத்துக்கொள்ளும். வேலை முடிந்தால் அந்த வீட்டு மாட்டையே கொண்டுவரச் சொல்லி வைத்துப் பார்த்துவிட்டுத்தான் கூலி வாங்குவாராம். "என் நுகம் மெதுவாயும், என் சுமை இலகுவாயும் இருக்கிறது" என்ற வசனத்தை வாசித்துக் காட்டினேன். "மெதுவாயும்னா இழைச்சிருக்குன்னு அர்த்தம்" என்றார் அப்பா. பட்டறையில் நின்ற ஆள்தான் இதைச் சொல்லியிருக்க முடியும் என்று எழுதத் தோன்றியது. பிறகு, விவசாயியும் இதைச் சொல்வானே என்று அடித்துவிட்டேன். உங்களோடு இரண்டு நாள் பேசியதன் விளைவு.

ஸ்லைடு எல்லாம் மாற்றியாகிவிட்டது. தச்சன், டெக்டோன், பெருந்தச்சன் முதலில். அப்புறம் நுகத்தடி, படகு, பள்ளத்தாக்கின் ஓட்டுச் சில்லு, கடைசியில் கற்சாடி. செப்போரிஸ் ஒரு ஸ்லைடில் இருக்கிறது, "போயிருக்கலாம்" என்ற ஒரே சொல்லோடு. மோனாலிசா போயே போச்சு. கையில் காட்ட ஒரு கல் பாத்திரம் மட்டும் கிடைத்தால் நன்றாக இருக்கும்.

மாதாகோயில் தெரு · திங்கள், இரவு 10:48

எங்கள் வீட்டுப் பரணில் மாக்கல் சட்டி ஒன்று இருக்கிறது தம்பி, வத்தக்குழம்பு வைத்தது. அதுவும் கடைசலில் கடைந்ததுதான், உள்ளே வளையம் வளையமாகக் கோடு தெரியும். ஞாயிறு பூசைக்கு வரும்போது எடுத்து வருகிறேன். பையன்கள் கையில் சுற்றவிடாதே. என் மாமியார் கொண்டுவந்த சீர் அது, விளிம்பில் ஏற்கெனவே ஒரு விரிசல் இருக்கிறது.